வாத்து இறகுக்கு அடியில் ஒளிந்த சிறுமி

மொழிபெயர்க்கத் தொடங்கிய புதிதில் நான் அடித்த கூத்து இது. பழைய ஆங்கிலச் சிறுகதை ஒன்று, மழை இரவு, இடி இடிக்கிறது, எட்டு வயதுச் சிறுமி பயந்துபோய் 'ஐடர்டவுன்' என்ற எதற்கோ அடியில் புகுந்துகொள்கிறாள். கையில் இருந்த அகராதியைப் புரட்டினால் 'கடல்வாத்தின் மெல்லிறகு' என்று போட்டிருந்தது. சரி என்று 'சிறுமி வாத்து இறகுக்கு அடியில் ஒளிந்துகொண்டாள்' என எழுதி அனுப்பிவிட்டேன். ஒரே ஒரு இறகு, அதற்கு அடியில் முழுசாக ஒரு சிறுமி. மூன்றாம் நாள் ஆசிரியர் போன் செய்து, "ஏங்க, இது மாயாஜாலக் கதையா?" என்று கேட்டார்.

இதில் அகராதி பொய் சொல்லவில்லை என்பதுதான் வேடிக்கை. அந்தச் சொல்லுக்கு முதல் பொருள் அதுவேதான்: ஐடர் என்ற வடகடல் வாத்து தன் மார்பிலிருந்து பிடுங்கிக் கூட்டில் பரப்புகிற மென்மயிர். அதை அடைத்துத் தைத்த போர்வைக்கும் அதே பெயர் வந்தது, அப்புறம் பார்வைக்கு அப்படி இருக்கிற எந்தப் புசுபுசுப் போர்வைக்கும் வந்தது. அந்தக் கதை எழுதிய காலத்து ஆங்கிலேயர் வீட்டில் ஐடர்டவுன் என்றால் கட்டிலின் மேல் கிடக்கும் தடித்த, ஆனால் கனமில்லாத போர்வை. உள்ளே இருப்பது கோழி இறகாகவே இருந்தாலும் யாரும் பெயரை மாற்றிச் சொல்லமாட்டார்கள். நம் வீடுகளில் எந்த நிறுவனத்துச் சலவைத்தூளாக இருந்தாலும் ஒரே பெயரில் கேட்டு வாங்குவோமே, கிட்டத்தட்ட அந்தக் கதைதான்.

சொல்லைப் பிரித்தால் இரண்டு துண்டு, இரண்டுமே வடக்கிலிருந்து கப்பலேறி வந்தவை. ஐஸ்லாந்து மொழியில் அந்த வாத்துக்கு 'ஐதுர்' என்று பெயர். அதையே 'ஐதுரின்' என்று சொல்ல வேண்டுமானால் 'ஐதர்' என்று திரியும். ஐஸ்லாந்து மொழிக்குத் தாயான பழைய நார்ஸ் மொழியில் 'தூன்' என்றால் மென்மயிர். ஆக, ஐதர்தூன். ஆங்கிலம் இதை வாங்கும்போது வேற்றுமை உருபைக் கழற்றாமல் அப்படியே தூக்கிக்கொண்டு போய், அந்த 'ஐடர்' என்பதையே பறவைக்குப் பெயராக வைத்துவிட்டது. 'வாத்தின்' என்பதே ஒரு பறவையின் பெயர் என்று வெளியூர்க்காரர் ஒருவர் நினைத்துக்கொண்டால் எப்படி இருக்கும், அந்த மாதிரி. இத்தனைக்கும் அந்த வாத்து இங்கிலாந்தின் வடகரையிலேயே கூடு கட்டுகிற பறவை. நார்த்தம்பர்லாந்துக் கரைக்கு எதிரே ஃபார்ன் தீவுகளில் 7-ஆம் நூற்றாண்டில் தனியே தவமிருந்த கத்பர்ட் என்ற துறவி இந்த வாத்துகளுக்குக் காவலாக இருந்தார் என்று சொல்வார்கள், அந்தப் பக்கத்து மக்கள் இன்றைக்கும் அதைக் கத்பர்ட்டின் வாத்து என்றே செல்லமாகக் கூப்பிடுகிறார்கள். உள்ளூர்ப் பெயர் உள்ளூரோடு நின்றது, மூட்டையோடு வந்த வியாபாரப் பெயர் ஊரெல்லாம் பரவியது.

இரண்டாவது துண்டான 'டவுன்' இன்னும் வில்லங்கம். ஆங்கிலத்தில் 'கீழே' என்பதற்கும் அதே எழுத்து, அதே ஒலி, ஆனால் வேறு பிறப்பு. 'கீழே' என்ற டவுன் 'குன்றிலிருந்து இறங்கி' என்று பொருள்படும் பழைய ஆங்கிலத் தொடரிலிருந்து தேய்ந்து வந்தது. மென்மயிர் டவுன், மேலே சொன்ன தூன். தமிழ் எழுத்தில் போட்டால் மூன்றாவதாக நகரமும் வந்து சேர்ந்துகொள்கிறது, டவுன் பஸ், டவுன் ஹால். ஒருமுறை குளிர்கால உடைகள் பற்றிய விற்பனைக் குறிப்பு ஒன்றைத் தமிழில் போட வேண்டியிருந்தது. 'டவுன் ஜாக்கெட்' என்று எழுதிவிட்டு அம்மாவிடம் படித்துக் காட்டினேன். டவுனில் தைத்த ரவிக்கையா என்று கேட்டார். தப்பே இல்லை, நம் ஊரில் ஜாக்கெட் என்றால் ரவிக்கைதானே.

சரி, பறவைக்கு வருவோம், ஏனென்றால் சொல்லை விடப் பறவையின் கதை பெரிது. வடகோளத்தின் பெரிய வாத்துகளில் ஒன்று இது, சுமார் 2 கிலோ வரும். ஆண் கறுப்பும் வெள்ளையுமாக, பிடரியில் இளம்பச்சை தடவினாற்போல் மினுக்கிக்கொண்டு திரியும். பெட்டை பழுப்பு நிறம், பாறைக்கும் புல்லுக்கும் நடுவில் உட்கார்ந்தால் காலில் மிதிபடும் வரை கண்ணுக்குத் தெரியாது. கடலுக்கு அடியில் முங்கி மட்டியை ஓட்டோடு விழுங்கி, இரைப்பையிலேயே நொறுக்கிவிடும். அறிவியல் பெயர் சோமட்டீரியா மொல்லிசிமா. முன்பாதி கிரேக்கம், உடல், கம்பளி என்ற இரண்டு சொற்களை ஒட்டியது. பின்பாதி லத்தீன், 'மிக மிக மென்மையானது' என்று பொருள். பெயர் வைத்தவர்களுக்கும் கண் அந்த மயிரின் மேல்தான் இருந்திருக்கிறது.

கூடு கட்டும் காலம் வந்ததும் பெட்டை தன் மார்பு மயிரைத் தானே பிடுங்கிக் கூட்டைச் சுற்றிலும் மெத்தை போடுகிறது. இதனால் முட்டைக்கு அடியில் மெத்தை கிடைக்கிறது, மயிர் போன இடத்தில் வெறுந்தோல் முட்டையின் மேல் நேராகப் படிந்து சூடும் ஏறுகிறது. நாலைந்து முட்டை, அடைகாப்பது 25 நாள் போல. அத்தனை நாளும் அநேகமாகப் பட்டினி. குஞ்சு பொரிப்பதற்குள் தாயின் எடையில் மூன்றில் ஒரு பங்கு அளவுக்குக் கரைந்துவிடும். எப்போதாவது தண்ணீர் குடிக்க எழுந்தால், மெத்தையின் ஓரத்தை அலகால் இழுத்து முட்டைகளின் மேல் மூடிவிட்டுத்தான் போகும். போர்வை என்ற பொருள் அந்தச் சொல்லுக்கு ஆங்கிலேயர் கொடுத்தது என்று மேலே எழுதினேன், யோசித்துப் பார்த்தால் வாத்து அதற்கு முன்பே அதைப் போர்வையாகத்தான் பயன்படுத்திக்கொண்டிருந்தது.

ஐஸ்லாந்தின் கரையோரப் பண்ணைக்காரர்கள் நூற்றாண்டுகளாக இந்தக் கூடுகளிலிருந்து தூனைச் சேகரிக்கிறார்கள். பண்ணை என்று சொன்னாலும் பறவை வளர்ப்புப் பறவை இல்லை, வானத்தில் வந்து வானத்தில் போகும் காட்டுப் பறவை. அது மனிதர் வீட்டுப் பக்கம் வந்து கூடு கட்டுவதற்குக் காரணம் நரி. ஆர்க்டிக் நரிதான் அந்தத் தீவின் ஒரே சொந்தத் தரைப் பாலூட்டி, முட்டை என்றால் அதற்கு உயிர். போதாததற்கு 1931-இல் ரோம வியாபாரத்துக்காகக் கொண்டுவந்த மிங்க் என்ற கீரி போன்ற விலங்கு கூண்டிலிருந்து தப்பித்து நாடு முழுக்கப் பெருகிவிட்டது. அண்டங்காக்கையும் கடற்புறாவும் வேறு. பண்ணைக்காரர் இரவெல்லாம் காவல் இருந்து இவற்றை விரட்டுகிறார், வண்ணக் கொடிகள் நடுகிறார், பொம்மை வைக்கிறார், சிலர் ரேடியோவைக்கூடப் பாடவிடுகிறார்கள். வாத்துக்குப் பாதுகாப்பு, மனிதருக்கு மயிர். அந்த வாத்தைக் கொல்லக்கூடாது என்று ஐஸ்லாந்தில் 1847-லேயே முழுத் தடை வந்துவிட்டது. நார்வேயின் வேகா தீவுக்கூட்டத்தில் இந்த வாத்துகளுக்கென்றே கல்லாலும் பலகையாலும் குட்டி வீடு கட்டி வைப்பார்கள், பெரும்பாலும் வீட்டுப் பெண்களின் பொறுப்பு அது. அந்த வாழ்க்கைமுறைக்காகவே 2004-இல் யுனெஸ்கோ அந்தத் தீவுகளை உலகப் பாரம்பரிய இடமாக அறிவித்தது.

ஒரு கூட்டில் கிடைப்பது சுத்தம் செய்தபின் பதினைந்து, இருபது கிராம். ஒரு கிலோ சேர வேண்டுமானால் அறுபது கூடாவது வேண்டும். நல்ல போர்வை ஒன்றுக்குக் கிட்டத்தட்ட ஒரு கிலோ பிடிக்கும், அதாவது அறுபது தாய்களின் மார்பு மயிர் ஒரு மனிதனின் மேல். ஐஸ்லாந்து முழுவதும் சேர்த்தே ஆண்டுக்குச் சுமார் 3 டன்தான், உலகில் கிடைப்பதில் பெரும்பங்கு அதுதான். பொறுக்கி வந்ததும் கடற்பாசியும் புல்லும் முட்டையோடும் ஒட்டிக் கிடக்கும், அதைச் சூடாக்கி மொறுமொறுவென்று ஆக்கி, யாழ் மாதிரி நரம்பு கட்டிய சட்டத்தில் போட்டுத் தேய்த்து உதிர்ப்பார்கள். கடைசியில் தரம் பார்க்கச் சட்டப்படி உரிமம் பெற்ற ஆள் வந்து சான்று கொடுத்தால்தான் விற்கலாம். போர்வை விலை நம் பணத்தில் லட்சக்கணக்கில் போகிறது. எனக்கு இது அநியாய விலையாகத் தோன்றவில்லை, வாங்கப் போவதில்லை என்பதால் இப்படித் தாராளமாகச் சொல்ல முடிகிறதோ என்னவோ.

கடைகளில் சாதாரணமாக டவுன் என்று விற்பது வேறு சங்கதி. அது இறைச்சிக்காக வளர்க்கும் வாத்து, கூஸ் ஆகியவற்றின் துணைப்பொருள், சீனாவிலிருந்துதான் அதிகம் வருகிறது. உயிரோடு இருக்கும்போதே மயிரைப் பிடுங்கும் கொடுமை பற்றிப் பெரிய எதிர்ப்பு எழுந்து, 2014-இல் அதற்கென ஒரு பொறுப்புத் தரச்சான்று முறையும் வந்தது. ஐடர் சரக்கில் அந்தப் பிரச்சினையே கிடையாது, பிடுங்கியது பறவை, பொறுக்கியது மனிதன்.

சித்தப்பா டொராண்டோவிலிருந்து வந்தபோது கொடுத்துவிட்டுப் போன ஜாக்கெட் ஒன்று என்னிடம் இருக்கிறது. மதுரையில் அதற்கு என்ன வேலை, கொடைக்கானல் போனபோது இரண்டு தடவை போட்டேன். பையின் தையலோரம் வெள்ளையாக ஏதோ எட்டிப் பார்த்தது, நகத்தால் பிடித்து இழுத்தேன். முதலில் வந்தது குட்டி இறகு, நடுவில் தண்டு, அடி கூர்மையாகக் குத்தியது. அதன் பின்னாலேயே ஒட்டிக்கொண்டு வந்தது வேறொன்று, தண்டே இல்லை, ஒரு புள்ளியிலிருந்து எல்லாப் பக்கமும் இழை இழையாகப் பிரிந்து, எருக்கங்காய் வெடித்து ஒரு பஞ்சு பறக்குமே, அந்த மாதிரி. உள்ளங்கையில் வைத்தால் வைத்த உணர்வே இல்லை, மூச்சு விட்டதும் நகர்ந்து போனது. ஆனால் இருந்த இடம் லேசாக வெதுவெதுத்தது. உள்துணியில் தைத்திருந்த துண்டைப் பார்த்தேன்: 80 சதவீதம் டவுன், 20 சதவீதம் ஃபெதர். குத்தியது அந்த இருபது, வெதுவெதுத்தது இந்த எண்பது.

இழைகளுக்கு நடுவில் காற்று நகர முடியாமல் சிக்கிக்கொள்கிறது, நகராத காற்று சூட்டை எளிதில் கடத்தாது, அவ்வளவுதான் சூட்சுமம். ஐடர் மயிரில் இன்னொரு கூடுதல் உண்டு. இழைகளில் கண்ணுக்குத் தெரியாத கொக்கிகள், ஒன்றையொன்று பற்றிக்கொள்ளும், ஒரு பிடியை எடுத்து உதறினாலும் உதிராமல் ஒரே கொத்தாகத் தொங்கும். கடற்கரைக் காற்றில் கூடு பறந்துவிடாமல் இருக்க வாத்துக்கு அது தேவைப்பட்டிருக்கிறது. எல்லா வகை டவுனுக்கும் பொதுவான பலவீனம் ஈரம், நனைந்தால் இழைகள் படிந்துபோய் காற்றுக்கு இடமில்லாமல் வெறும் ஈரத்துணி ஆகிவிடும்.

ஐடர் மயிரை மனிதர் உடம்பில் மாட்டிக்கொண்ட கதைகளில் எனக்குப் பிடித்தது ஜார்ஜ் ஃபின்ச்சுடையது. ஆஸ்திரேலியாவில் பிறந்த வேதியியலாளர், 1922 எவரெஸ்ட் பயணத்துக்கு பலூன் துணியில் ஐடர்டவுன் அடைத்துத் தைத்த ஒரு கோட்டைத் தானே வடிவமைத்துக் கொண்டு போனார். உடன் வந்த பிரிட்டிஷ் கனவான்கள் ட்வீட் துணியும் கம்பளியும் அடுக்கடுக்காகப் போட்டிருந்தவர்கள், இந்த உப்பிய கோட்டைப் பார்த்துச் சிரித்தார்கள். மேலே போகப் போகக் குளிர் சிரிப்பை அடக்கிவிட்டது. ஃபின்ச்சும் ஜெஃப்ரி புரூஸும் அந்த ஆண்டு 8,300 மீட்டரைத் தாண்டினார்கள், அதுவரை மனிதன் ஏறியதில் அதுதான் அதிக உயரம். இன்று மலையேறிகள் போடும் உப்பல் கோட்டெல்லாம் அந்தக் கேலிக்குள்ளான கோட்டின் வாரிசுகள்.

மறுபடி சொல்லுக்கு. 1759-இல் ஆங்கில அகராதி தொகுத்த சாமுவேல் ஜான்சன் செய்தித்தாள் விளம்பரங்களைக் கிண்டல் செய்து ஒரு கட்டுரை எழுதினார், அதில் ஒரு போர்வை விளம்பரத்தை எடுத்துக் காட்டுகிறார். நாலைந்து கம்பளியை விடச் சூடு, ஒரு கம்பளியை விட லேசு என்று பெருமையடிக்கும் அந்த விளம்பரம், தன் சரக்கு 'ஆட்டர் டவுன்' என்கிற சரக்கையும் விட மேல் என்கிறது. ஆட்டர் என்றால் நீர்நாய். நீர்நாய்க்கு ஏது இறகு! ஐடர் என்ற அந்நியப் பெயர் காதில் விழுந்தது, அது என்ன பிராணி என்று தெரியவில்லை, தெரிந்த பிராணி ஒன்றின் பெயரை ஒட்டிவிட்டார்கள். நம் ஊரில் வாயில் நுழையாத மருந்துப் பெயர்களுக்கு நடப்பதுதான்.

அதே விளம்பரம் விற்ற சரக்கின் பெயர் 'டூவே'. பிரெஞ்சில் அதற்கும் மென்மயிர் என்றுதான் பொருள், அதுவும் அந்தப் பழைய தூனிலிருந்து திரிந்து வந்ததுதான். ஆங்கிலத்தில் அப்போது நிலைக்காமல் போய், இரண்டு நூற்றாண்டு கழித்துத் திரும்பி வந்தது. வடிவமைப்பாளர் டெரன்ஸ் கான்ரன் 1964-இல் லண்டனில் ஹாபிடாட் என்ற வீட்டுப்பொருள் கடையைத் திறந்து விற்ற புதுமைகளில் இந்தப் போர்வையும் ஒன்று. விரிப்பு, கம்பளி, மேல் ஐடர்டவுன் என்று தினமும் காலையில் அடுக்கி மடக்கிச் செருகிக்கொண்டிருந்தவர்களுக்கு, ஒரே ஒரு போர்வை, உதறிப் போட்டால் படுக்கை தயார் என்பது விடுதலையாக இருந்திருக்கும். ஐடர்டவுன் பாட்டி வீட்டுச் சொல்லாகிவிட்டது, டூவே ஜெயித்தது. இன்று சில ஆங்கில அலுவலகங்களில் 'டூவே நாள்' என்று விடுப்பே உண்டு, காலையில் எழப் பிடிக்காவிட்டால் காரணம் சொல்லாமல் படுத்துக் கிடக்கலாம்.

பிரெஞ்சுக்காரர்களோ தங்கள் சொல்லை வேறு வழியில் கொண்டுபோய்விட்டார்கள். பாரிஸில் டூவே என்று கேட்டால் முகாமுக்கு எடுத்துப் போகும் தூக்கப்பையைக் கொடுப்பார்கள், போர்வைக்கு அங்கே வேறு பெயர். பீச் பழத்தின் மேல்தோல் பொசுபொசுப்பும் டூவேதான், மீசை அரும்பும் பையனின் மேலுதட்டுப் பூனைமுடியும் டூவேதான். உப்பலான மேல்போர்வைக்கு அவர்கள் சொல்லும் 'எத்ரதோன்' வேறு எதுவுமில்லை, ஐதர்தூன் பிரெஞ்சு வாயில் உருண்டது. அது ஸ்பெயினுக்கும் போர்ச்சுகலுக்கும் போய், அங்கிருந்து பிரேசில் வரை எட்டி, ஐடர் வாத்தைக் கனவிலும் கண்டிராத வெப்பநாட்டில் பாலியஸ்டர் போர்வைக்குப் பெயராகிக் கிடக்கிறது. ஆஸ்திரேலியாவில் 'டூனா' என்பார்கள், வியாபாரப் பெயராகத் தொடங்கிப் பொதுப்பெயரானது. இன்னொரு தமாஷ், ஜெர்மானியர் 'ப்ளூமோ' என்றால் இறகுப் போர்வை, பிரெஞ்சுக்காரர் 'ப்ளூமோ' என்றால் தூசு தட்டும் இறகுத் துடைப்பம். ஓட்டலில் எச்சரிக்கையாகக் கேட்க வேண்டும்.

இப்போது கடைகளில் அதிகம் தென்படுவது 'டவுன் ஆல்டர்னேடிவ்' என்ற பெயர். உள்ளே செயற்கை இழை. எது இல்லையோ அதன் பெயரையே சொல்லி விற்கிறார்கள். ஈரத்துக்குத் தாங்கும், துவைக்கலாம், விலை குறைவு, குறை சொல்ல ஒன்றுமில்லை. நம்மைப் பொறுத்தவரை இலவம்பஞ்சே அந்த ஆல்டர்னேடிவ்தான், அதன் இழை உள்ளே குழலாகக் காற்றைப் பிடித்து வைத்திருப்பதால்தான் தலையணை அவ்வளவு லேசாக இருக்கிறது.

சரி, தமிழில் இதற்கு என்ன சொல்? நான் அன்று தேடியிருக்க வேண்டியது இதைத்தான். தூவி. 'அனிச்சமும் அன்னத்தின் தூவியும் மாதர் அடிக்கு நெருஞ்சிப் பழம்' என்று பள்ளியில் மனப்பாடம் செய்திருக்கிறேன், 1120-ஆவது குறள், உரையில் 'இறகு' என்று படித்து அப்படியே விட்டுவிட்டேன். ஆனால் இறகு குத்தும், தண்டு உண்டு, ஜாக்கெட்டில் பார்த்தேனே. மென்மைக்கு எல்லையாக அனிச்சத்தின் பக்கத்தில் வைப்பதற்கு வள்ளுவர் தண்டுள்ள இறகையா எடுத்திருப்பார்? ஜி.யு. போப் அந்தக் குறளை ஆங்கிலத்தில் போட்டபோது அன்னத்தின் வெண்மார்பு டவுன் என்றே எழுதினார், மார்பு குறளில் இல்லை, அவராகச் சேர்த்தது, ஆனால் மயிர் எந்த இடத்தது என்று அவருக்குத் தெரிந்திருக்கிறது. நெடுநல்வாடையில் அரசியின் கட்டிலில் 'துணைபுணர் அன்னத் தூநிறத் தூவி' பரப்பிய மெத்தை வருகிறது. ஏதோ ஒரு அன்னம் போதாதாம், துணையோடு கூடிய அன்னமாம். அந்த அன்னம் எந்தப் பறவை என்பது தனிச் சண்டை, குளிர்காலத்தில் கூந்தன்குளத்துக்கு வரும் வரித்தலை வாத்துதான் என்று ஒரு கட்சி இருக்கிறது, நான் அதில் நுழையவில்லை.

தூவி, டூவே, இரண்டையும் பக்கத்தில் பார்த்ததும் சிலருக்குக் கை பரபரக்கும். வேண்டாம். டூவேயின் வம்சாவளி நார்ஸ் வரை தெளிவாக இருக்கிறது, ஒலி ஒத்துப்போவது தற்செயல். தூவியின் உண்மையான உறவுக்காரர் பக்கத்து வீட்டிலேயே இருக்கிறார், மலையாளத்தில் தூவல் என்பது இன்றைக்கும் இறகுக்கு அன்றாடச் சொல். நம் பக்கம் தனித்தமிழ்க்காரர்கள் தூவல் என்று பேனாவுக்குப் பெயர் வைத்தார்கள், ஆங்கிலப் பேனாவும் லத்தீன் இறகிலிருந்து வந்ததுதான் என்பதால் அது பொருத்தமும்கூட, ஆனால் கடையில் கேட்டால் கிடைக்காது.

போன வருடம் அந்தப் பழைய கதை ஒரு தொகுப்பில் மறுபடி வரப்போகிறது என்றார்கள். இந்த முறை விடக்கூடாது என்று 'சிறுமி தூவிப் போர்வைக்குள் புகுந்துகொண்டாள்' என்று திருத்தி அனுப்பினேன், இரண்டு நாள் ரொம்பத் திருப்தியாக இருந்தது. மெய்ப்பு திரும்பி வந்தபோது 'தூவி' மேல் சிவப்பு வட்டம். ஓரத்தில், கொத்தமல்லி தூவி இறக்கவும் என்று மட்டுமே அந்தச் சொல்லைப் படித்திருக்கக்கூடிய ஒரு நியாயமான வாசகரின் கேள்வி: "எதைத் தூவி?"